நீ பாடாமல் விட்ட பின்னேரம்

மகன்,

இதைக் குரல் பதிவாகப் போட்டு அனுப்பும்படி ஜெசீமா சொன்னாள். அனுப்பினால் நீ பாதியில் நிறுத்திவிட்டு, "பிறகு கேட்கிறன் அம்மா" என்பாய். உன் 'பிறகு' எனக்குத் தெரியும். அதனால்தான் எழுதுகிறேன். பன்னிரண்டு வயதில் இங்கிருந்து போனவனுக்குத் தமிழ் வாசிக்க நேரம் பிடிக்கும். பிடிக்கட்டும். எழுத்துக்கூட்டியாவது கடைசிவரை வாசி. ஜெசீமா பக்கம் பக்கமாகப் படம் எடுத்து உன் போனுக்கு அனுப்புவாள். அடுத்த கிழமை நீ, உன் கதையைப் படம் எடுக்கிற படக்காரர்களோடு திருகோணமலைக்கு வந்து இறங்குவதற்கு முன் வாசித்துவிடு.

பெரியப்பா பாரிசிலிருந்து போன் எடுத்திருந்தார். நேரே விஷயத்துக்கு வர அவருக்குக் கூச்சம். மழை பெய்ததா, மீன் என்ன விலை, முழங்கால் நோ எப்படி என்று சுற்றிச் சுற்றிக் கதைத்துவிட்டு, "தங்கச்சி, ஒரு கிழமைக்கு மூதூரில தெரிஞ்ச ஆக்கள் ஆற்றையேன் வீட்டில நிண்டிட்டு வாங்கோவன். அவையள் படம் எடுத்து முடியுமட்டும்தான்" என்றார். ஏன் என்று கேட்டேன். "தெரியும்தானே" என்றார். தெரியும்தான். பிரான்ஸ் முழுக்கச் செத்துப்போன ஒருத்தி, படம் பிடிக்கிற இடத்தில் மீன் வாங்கிக்கொண்டு நடந்து திரிந்தால் சரிவராது. நான் ஒன்றும் சொல்லாமல் போனை வைத்துவிட்டேன். அவர் அதை 'ஓம்' என்று எடுத்திருப்பார். எங்கள் குடும்பத்தில் பேசாமல் இருந்தால் அது ஓம்தானே. உன் பிழையும் அங்கேதான் தொடங்கியது. நீயும் ஒரு நாள் பேசாமல் இருந்துவிட்டாய்.

உன் பாட்டுப் பயணம் முழுவதையும் நான் இந்தச் சின்னப் போன் கண்ணாடிக்குள்தான் பார்த்தேன். பெரியப்பா வேலை செய்த சாப்பாட்டுக் கடையின் குசினியில், பள்ளிக்கூடம் விட்டு வந்து நீ வெங்காயம் உரித்துக்கொண்டு பாடியதை அவர்தான் முதலில் எடுத்து அனுப்பினார். கண்ணால் தண்ணீர் வடிய வடியப் பாடினாய். வெங்காயத்துக்கா பாட்டுக்கா என்று எனக்கு விளங்கவில்லை. பிறகு பழைய கிற்றார் ஒன்றோடு சுரங்க ரயிலில் நின்றாய். பிறகு குடிக்கிற கடைகளின் மூலையில், யாரும் திரும்பிப் பார்க்காத இடத்தில். பெரியப்பாவின் கையில் எப்போதும் வெங்காய மணம் என்று ஒரு பாட்டு, மேல்மாடிக் கிழவியின் நாயைப் பற்றி ஒரு பாட்டு. எல்லாம் நீயே எழுதி நீயே மெட்டுப் போட்டவை. அவர்கள் மொழியிலேயே எழுதினாய். கேட்டவர்கள் சிரித்தார்கள், கை தட்டினார்கள், மறந்துபோனார்கள். அவர்களுக்கு வாயில் நுழையவில்லை என்று உன் அப்பா ஆசையாக வைத்த பெயரையும் பாதியாக வெட்டி விளம்பரத்தில் போட்டார்கள். கைக்குழந்தையாக உன்னைத் தூக்கி வைத்துக்கொண்டு முழுப்பெயரையும் சொல்லிச் சொல்லிக் கூப்பிட்ட மனுசன். அடுத்த மாரியில் காய்ச்சலில் போய்விட்டார். பாதிப் பெயரைக் கேட்டிருந்தால் சண்டைக்கு வந்திருப்பார்.

பாதிப் பெயரோடு கொஞ்சக் காலம் பாடித் திரிந்த பிறகுதான் உன் கடல் பாட்டு வந்தது. வானொலியில், கடைகளில், ஓடுகிற கார்களில் எல்லாம் அதுதான் என்று பெரியப்பா சொன்னார். பெயர் சொல்லவே வராத ஊர்களுக்கெல்லாம் போய்ப் பாடினாய். பெரிய மண்டபத்தில் வெள்ளைச் சேட்டுப் போட்டுக்கொண்டு, சிரிப்பே இல்லாமல் நின்று பரிசு வாங்கினாய். ஒரு மண்டபம் நிறைந்த வெள்ளைக்காரர்கள் என் மகன் பாடக் கேட்டுக் கண்ணைத் துடைக்கிறார்கள். எனக்குத் தலைகால் தெரியாத பெருமை. "என்ன மகன் பாடுறாய்?" என்று கேட்டேன். "கடலைப் பற்றித்தான் அம்மா" என்றாய். கடலைப் பற்றி அழ அவர்களுக்கு என்ன இருக்கிறது என்று யோசித்தேனே தவிர, மேலே கேட்கவில்லை. மெட்டு எனக்குப் பாடம். நான் சமைக்கிற நிலாவெளி விடுதிக் குசினியில் தேங்காய் துருவும்போதெல்லாம் அதைத்தான் முணுமுணுப்பேன். என் சாவுப் பாட்டை நானே பாடிக்கொண்டு சம்பல் இடித்திருக்கிறேன், மகன்.

அர்த்தம் எனக்கு எப்படித் தெரியவந்தது என்று உனக்கு நான் முழுதாகச் சொன்னதில்லை. அங்கேயே பிறந்து வளர்ந்த எங்கட பிள்ளை ஒருத்தி, பிரெஞ்சுக்காரப் புருசனோடு விடுதியில் வந்து தங்கியிருந்தாள். தமிழ் நன்றாகக் கதைப்பாள். ஒரு நாள் காலமை குசினி வாசலில் நின்று என் முணுமுணுப்பைக் கேட்டுவிட்டு, "அன்ரி, உங்களுக்கும் இந்தப் பாட்டுத் தெரியுமா?" என்றாள். அர்த்தம் தெரியாது என்றேன். அவளே சொன்னாள். கடல் பொங்கி ஊருக்குள் வந்த நாள். ஒரு பள்ளிக்கூடத்து வாசலில் சின்னப் பொடியன் நிற்கிறான். வருகிற பெண்களின் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்க்கிறான். ஒருத்தியும் அவன் தாய் இல்லை. வெயில் சாய்கிறது. அவன் நின்றுகொண்டே இருக்கிறான். அத்தோடு பாட்டு முடிகிறது. சொல்லிக்கொண்டு வந்தவள் அழுதுவிட்டாள். "பாவம் அன்ரி, இதைப் பாடுறவற்ற அம்மா இஞ்ச, இந்தக் கடற்கரையிலதான் செத்தவ" என்றாள். பிறகு போனில் உன் மேடையைக் காட்டினாள். உனக்குப் பின்னால் பெரிய திரை. திரையில் என் படம். உன்னை மடியில் வைத்துக்கொண்டு இளமையில் எடுத்த படத்தில் என்னை மட்டும் வெட்டி எடுத்திருந்தார்கள். படத்துக்கு மாலை போட்டிருந்தது.

மாலை போட்ட படத்தையும் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். நரைத்த தலையும் கரி பிடித்த கையுமாக நின்றவளை அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. "அழாதயுங்கோ பிள்ளை" என்று அவள் முதுகைத் தடவி, தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன். செத்தவள் வீட்டுக்கு வந்தவளைச் செத்தவளே தேற்றினாள். ஜெசீமாவுக்கு மட்டும்தான் சொன்னேன். கிண்ணியாவில் இருந்து தினமும் பஸ் ஏறி வந்து என்னோடு அந்தக் குசினியில் நின்று வேகிறவள் அவள். தன் வழக்கமான குணத்தில், "மையத்து ஆக்கின கறிக்கு இன்னைக்கு உப்புக் கூடிப்போச்சு" என்றாள். மையத்து என்றால் அவர்கள் பேச்சில் பிணம். இரண்டு பேரும் சிரித்தோம். அன்று சிரிக்க முடிந்தது.

அன்றே உனக்குப் போன் எடுத்தேன். நீ அழுதாய். தொலைக்காட்சியில் பேட்டி எடுத்த ஒருத்தி உன் கையைப் பிடித்து, "உங்கள் தாய் திரும்பி வரவே இல்லையா?" என்று கண் கலங்கிக் கேட்டாளாம். சனம் முழுக்க மூச்சுப் பிடித்துக்கொண்டு இருந்ததாம். உனக்கு வாய் வரவில்லையாம். தலையைக் குனிந்தாயாம். அவ்வளவுதான். "நான் பொய் சொல்லேல்ல அம்மா, இல்லை எண்டு சொல்லேல்ல" என்றாய். நம்பினேன். இப்போதும் நம்புகிறேன். ஆனால் குனிந்த தலையை நீ பிறகு நிமிர்த்தவே இல்லை. அடுத்த பேட்டியில் கடல் என்னைக் கொண்டுபோனது. அதற்கடுத்த பேட்டியில் என் உடல் கிடைக்கவில்லை. ஒரு பொய்யைக் கட்டிக்காக்க ஒன்பது பொய் வேண்டும் என்பது சும்மா சொன்னதில்லை. நான் கோபிக்கவில்லை. "சரி மகன், அங்க நான் செத்தவளாவே இருக்கிறன், நீ பாடு" என்று சொன்னவளும் நான்தானே. செத்ததாகப் பொய்ச் செய்தி வந்தால் ஆயுசு கூடும் என்பார்கள். நெருப்பென்று சொன்னால் வாய் வெந்துவிடாது என்றும் சொல்வார்கள். இந்த இரண்டையும் சொல்லிச் சொல்லியே என் மனத்தை ஆற்றினேன்.

பிறகு பூக்கள் வரத் தொடங்கின. கடற்கரையில், விடுதிக்கு முன்னால், உல்லாசப் பயணிகள் வந்து மணலில் பூவை வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் கண்ணை மூடி நிற்பார்கள். சிலர் மெழுகுதிரி கொளுத்துவார்கள். பின்னேரம் முற்றம் கூட்டுவதும் என் வேலைதான். எனக்கு வைத்த பூவை நானே கூட்டி அள்ளிக் குப்பையில் போட்டேன். முதலில் கைதான் கூசியது. பிறகு பிடரி குளிரத் தொடங்கியது. நான் தண்ணீர் அள்ளும்போது, பஸ்ஸுக்கு நிற்கும்போது, யாரோ எனக்காகக் கண்ணை மூடிக்கொண்டு நிற்பது போலவே இருக்கும். இந்த மாதம் கடலும் சரியில்லை. அலையே இல்லாமல், துறைமுகத்து உள்தண்ணீர் போல அசையாமல் கிடக்கிறது. கரைவலைக்காரர்கள் நல்லது என்கிறார்கள். அமைதியான கடலை நான் ஒருமுறை பார்த்துவிட்டேன். எனக்கு நல்லதாகப் படவில்லை.

போன மாதம் உன் படக்காரர்களில் ஒருவர் இடம் பார்க்க வந்தார். கூடவே கொழும்பிலிருந்து மொழிபெயர்க்கிற பொடியர் ஒருவர். நான்தான் தேத்தண்ணி கொண்டுபோனேன். "அந்தப் பாடகர்ர தாய் செத்த இடம் எது எண்டு தெரியுமா அம்மா?" என்று அந்தப் பொடியர் கேட்டார். தெரியாது என்று சொல்லியிருக்கலாம். உன் வேலை கெட்டுவிடக்கூடாது என்று ஒரு நினைப்பு. பனை வடலிகள் நிற்கிற இடத்தைக் கை நீட்டிக் காட்டினேன். அந்த வெள்ளைக்காரர் நெஞ்சில் கை வைத்து எனக்கு நன்றி சொன்னார். அதோடு நிற்கவில்லை. இந்த ஊரில் தாய்க்கு மகன் என்ன செய்வான் என்று கேட்டார். பொடியர் கன்னியாவைச் சொன்னார். வெந்நீர்க் கிணறுகள், செத்தவர்களுக்கு அங்கே செய்யும் அந்தியேட்டி, எள்ளும் தண்ணீரும், எல்லாம். வெள்ளைக்காரரின் கண் விரிந்ததை நான் பார்த்தேன். வெறும் தேத்தண்ணிக் கோப்பையைத் தூக்கிக்கொண்டு நான் உள்ளே வரும்போதே அந்தக் காட்சி உன் படத்துக்குள் ஏறிவிட்டது. நீயும் ஓம் என்றிருக்கிறாய். வேட்டியும் எடுத்தாயிற்றாம், பெரியப்பா சொன்னார். ஐயருக்கும் சொல்லியாயிற்றாம். பாவம் ஐயர், அவருக்கும் நான் செத்தவள்தான்.

மகன், இங்கேதான் நான் மறிக்கிறேன். நீ அங்கே பாடினது பாட்டு. மேடையில் மாலை போட்டது படத்துக்கு. அதுவரைக்கும் பொறுத்தேன். கன்னியாவில் தண்ணியில் நின்று, என் பெயரைச் சொல்லி, எள்ளும் தண்ணீரும் விட்டால் அது பாட்டில்லை. கமரா இருந்தாலும் அது பாட்டில்லை. அந்தக் கிணறுகள் வந்த கதையைச் சின்னனில் உனக்குச் சொல்லியிருக்கிறேன். நீ பாதியில் நித்திரையாகிவிடுவாய். பழைய காலத்து அரசன் ஒருவன், வருத்தக்காரத் தாய்க்காக ஒரு காரியத்தில் இறங்குகிறான். அவனை நிறுத்தக் கடவுள் ஒரு கிழவர் வேசத்தில் வந்து, "உன் தாய் இறந்துவிட்டாள்" என்று பொய் சொல்கிறார். அவன் நம்பினான். வாளை நிலத்தில் ஊன்ற ஊன்ற வெந்நீர் பொங்கியது. அதில் நின்று தாய்க்குக் கடன் தீர்த்தான். எங்கள் வீட்டில் சொல்லும் கதை இதுதான். கிணறு சூடாக வந்ததை எல்லாரும் சொல்வார்கள். உயிரோடு வீட்டில் இருந்த அந்தத் தாய்க்குப் பிறகு என்ன நடந்தது என்று ஒருவரும் சொல்வதில்லை. நான் சின்னனில் கேட்டு அடி வாங்கியிருக்கிறேன். அவன் பாவம், பொய்யை நம்பிச் செய்தான். நீ தெரிந்துகொண்டு செய்யப் போகிறாய்.

நான் சாவுக்குப் பயந்து எழுதுகிறேன் என்று நினைக்காதே. சரி, அதையும் சொல்லிவிடுகிறேன். இரண்டு மாதமாக விடுதிப் படி ஏறினால் மூச்சு வாங்குகிறது. காலில் வீக்கம். ஆஸ்பத்திரியில் டொக்டர் நெஞ்சில் குழாயை வைத்துக் கனநேரம் கேட்டார். கொழும்புக்குப் போய்க் காட்டச் சொன்னார். "ஆர் இருக்கினம் உங்களுக்கு?" என்று கேட்டார். "மகன் இருக்கிறார்" என்றேன். "வெளிநாட்டிலயா? வரச் சொல்லுங்கோ" என்றார். அவர் சொன்ன விதம் எனக்குப் பிடிக்கவில்லை. உனக்குச் சொல்லவில்லை. சொன்னால் நீ உண்மையாகவே பயப்படுவாய் என்று விட்டுவிட்டேன். ஒரு நாள், மிஞ்சிப்போனால் அடுத்த மாரிக்குள், பெரியப்பா உன்னைக் கூப்பிட்டு அம்மா போய்விட்டா என்று சொல்லுவார் என்று எனக்குத் தோன்றுகிறது.

அன்றைக்கு நீ யாருக்குச் சொல்லுவாய்? அதைத்தான் நான் யோசித்துக்கொண்டு கிடக்கிறேன். அன்று பின்னேரம் உனக்கு ஒரு மண்டபத்தில் பாட்டு இருக்கும். அம்மா செத்துப்போனா, நான் போகவேண்டும் என்று வாய் திறந்து சொல்ல ஏலாது. அவர்களுக்கு உன் அம்மா எப்போதோ செத்துவிட்டாளே. நீ அந்த வெள்ளைச் சேட்டைப் போட்டுக்கொண்டு மேடையில் ஏறி, மாலை போட்ட என் படத்துக்கு முன்னால் அந்தப் பாட்டையே பாடுவாய். அவர்கள் வழக்கம்போல அழுவார்கள். நீ உண்மையாக அழுவதை ஒருவரும் கண்டுபிடிக்கமாட்டார்கள். இங்கே கொள்ளி வைக்க ஆள் தேடுவார்கள். ஒரு தாய்க்கு மகன் ஒருமுறைதான் கடன் செய்யலாம். அதை நீ அடுத்த கிழமை கமராவுக்கு முன்னால் செலவழித்துவிட்டால், அன்றைக்கு உன் கையில் என்ன மிச்சம் இருக்கும்? என்னைப் பற்றி நான் கவலைப்படவில்லை. அந்த மேடையில் நிற்கப்போகும் உன்னைப் பற்றித்தான் கவலை.

உண்மை தெரிந்தால் உன்னைக் கள்ளன் என்பார்கள், பேப்பரில் கிழிப்பார்கள், பாட்டை நிறுத்துவார்கள் என்கிறாய். செய்யலாம். செய்யமாட்டார்கள் என்று ஆறுதல் சொல்ல எனக்கு அந்தச் சனத்தைத் தெரியாது. நீ இந்த இடத்துக்கு வர எத்தனை வெங்காயம் உரித்தாய் என்பது எனக்குத் தெரியும். அது போய்விடும் என்றால் எனக்கும் வலிக்கும். ஆனால் உன் பாட்டு பொய்ப் பாட்டு இல்லை, மகன். அதுதான் எனக்கு ஆத்திரம். நீ நின்றது உண்மை. வந்த பெண்களின் முகத்தைப் பார்த்தது உண்மை. நான் வந்து சேர்ந்த பின்னேரத்துக்கு முன்னாலேயே நீ பாட்டை முடித்துவிட்டாய், அவ்வளவுதான். உனக்கு ஆறு வயது. மறந்திருப்பாய் என்று நான் நினைக்கவில்லை. என்றாலும் எழுதுகிறேன்.

கடல் என்னை இழுத்துக்கொண்டு போய் வடலிக்குள் எறிந்தது. முள்ளில் தலைமயிர் சிக்கியதால்தான் திரும்ப இழுபடாமல் கிடந்தேன். யாரோ உழவு இயந்திரத்தில் ஏற்றி ஆஸ்பத்திரியில் போட்டார்கள். உடுப்பெல்லாம் கிழிந்துபோய், முகம் தெரியாத ஒரு ஆம்பிளையின் பெரிய சேட்டைப் போட்டுக்கொண்டு, உன்னைத் தேடி நடந்தேன். பிள்ளைகள் எல்லாம் மேட்டுப் பள்ளிக்கூடத்தில் என்றார்கள். வெயில் சாய்ந்துவிட்டது. நீ வாசலில் நின்றாய். என்னைப் பார்த்தாய். பார்த்தும் அசையவில்லை. எனக்குக் கட்டிப்பிடிக்க வேண்டும், கதற வேண்டும். வாயில் வந்தது வேறு. "செருப்பு எங்கயடா? முள்ளுக் குத்தப்போகுது" என்று ஏசினேன். நீ ஓடி வந்து இரண்டு கையாலும் என் வயிற்றில் குத்து குத்தென்று குத்தினாய். அழவில்லை. குத்தி முடிந்த பிறகு, "நீங்கள் ஏன் இவ்வளவு நேரம் சுணங்கினீங்கள்?" என்று கேட்டாய். அதைப் பாடு. அதற்கு எவ்வளவு சனம் அழும் என்று எனக்குத் தெரியாது. நான் அழுவேன்.

மூதூருக்கு நான் போகமாட்டேன். பெரியப்பாவிடம் சொல்லிவிடு. வந்து இறங்கியதும் அந்த வெள்ளைக்காரரிடம் நீயே சொன்னால் நல்லது. சொல்லிவிட்டு நேரே வீட்டுக்கு வா. சோறு இருக்கும், திருக்கை மீன் வறையும் இருக்கும். சொல்ல உனக்கு வாய் வராவிட்டால், திரும்பவும் தலையைக் குனிவாயென்றால், உன் விருப்பம். நான் காலமையே கன்னியாவுக்குப் பஸ் ஏறுவேன். ஜெசீமாவும் வருகிறேன் என்கிறாள், நான் விழுந்தால் பிடிக்க.

ஐயர் உன்னைச் செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கச் சொல்லுவார். எள்ளைக் கையில் தருவார். என் பெயரைக் கேட்பார். தண்ணீரை விட்டபின் திரும்பிப் பார்க்காமல் நடந்து போ என்றும் சொல்லுவார், அதுதான் முறை. அந்த நேரம் உனக்குப் பின்னால், கமராக்காரருக்கும் பின்னால், மூச்சு வாங்க வாங்க ஒருத்தி உன்னைக் கேட்பாள், செருப்பு எங்கயடா என்று.

ஐயர் என்ன சொன்னாலும், மகன், நீ திரும்பிப் பார்.

அம்மா